விற்க முடியாத வீடு

அத்தியாயம் பதினேழு

“இந்தக் கேம் இனி நம்மளுதுதானே அத்தான்?”

“காசு குடுத்தாச்சுல்லா. நம்மளுதுதான்.”

“அப்ப ஆடி முடிச்சதும் யாருக்காவது வித்துருவோம். பாதி விலையாவது வரும்.”

“விக்க முடியாது செல்வி.”

“ஏன்?”

“டிஸ்க்கா வாங்கியிருந்தா விக்கலாம். இது நெட்டுல வாங்கினது. ஆடிக்கிட அனுமதி குடுத்திருக்கான். சாமானைக் குடுக்கல.”

“பாத்திரக்கடைக்காரர் மவகிட்டயே இப்படி ஒரு ஏவாரத்தைச் சொல்லுதியளே. எங்கப்பா கேட்டா விழுந்து விழுந்து சிரிப்பாரு.”

“அவருகிட்டச் சொல்லித் தொலைக்காத. மாப்பிள்ளைக்கு விவரம் பத்தாதுன்னு நினைச்சிருவாரு.”

கல்யாணமான புதிதில் நடந்த பேச்சு அது. இசக்கிராஜ் அப்போதும் கொச்சியில்தான் இருந்தான், கப்பல் பழுதுபார்க்கும் கம்பெனி ஒன்றின் அலுவலகத்தில். முத்துசெல்வி தென்காசியில், அப்பாவின் பாத்திரக்கடைக்கு மேலே மாடி வீட்டில். அவனிடம் டிவியில் மாட்டி ஆடுகிற ஒரு கேம் பெட்டி, அவளிடம் ஒரு கேம் பெட்டி. இரண்டுக்கும் சேர்த்து அவன் பெயரில் ஒரே அக்கவுண்ட். அதில் இருவரும் மாற்றி மாற்றிப் பார்த்துப் பார்த்து வாங்கிய விளையாட்டுகள்.

அதிலும் ஒன்று அவர்களுக்கு ரொம்பப் பிடித்துப் போயிற்று. அருவிக்குக் கீழே கொஞ்சம் தரிசு நிலம் கொடுப்பார்கள். அதைக் கொத்தி, விதைத்து, வீடு கட்டிக் குடியிருக்க வேண்டும். கடையை அடைத்துவிட்டு வந்து அவள் காதில் ஹெட்போனை மாட்டினால் அந்தப் பக்கம் அவன் காத்திருப்பான். போனில் பேசினால் ‘சாப்டியா’வோடு நின்றுவிடுகிற பேச்சு, அங்கே மண் கொத்தும்போது மட்டும் எங்கெங்கோ போகும்.

பிறகு ஒருநாள், “கொச்சியில வீடு பாத்துட்டேன்” என்றான் அவன். அவள் சந்தோஷமாக வாயைத் திறப்பதற்குள், “வாரதும் இருக்கதும் உன் இஷ்டம் செல்வி” என்றும் சொல்லிவிட்டான்.

தாயில்லாத பெண், அப்பாவின் கடைக்கு அவள்தான் வலது கை, அவளை வற்புறுத்தக் கூடாது என்று அவன் நினைத்தான். பெண்டாட்டி வேண்டும் என்கிறவன் வா என்றல்லவா சொல்லுவான் என்று அவள் நினைத்தாள். இரண்டு பேரும் நினைத்ததைச் சொல்லாமல் மௌனமானார்கள். அந்த மௌனத்துக்குள் இரண்டு வீட்டு உறவினர்களும் செருப்போடு ஏறி வந்தார்கள். அப்பன் வீட்டைவிட்டு நகராத பெண் என்றார் இலத்தூரில் அவன் அம்மா முப்பிடாதியம்மாள். பெண்டாட்டியைக் கூட்டிப் போகாத ஆம்பிளை என்றார்கள் தென்காசியில். பேச்சு தடித்து, வக்கீல் நோட்டீஸ் வரை போய், போன வாரம் பெரியவர்கள் கூடி உட்கார்ந்து, கல்யாணத்தைத் தீர்த்துவிடுவது என்று முடிவாகிவிட்டது.

இன்று ஞாயிற்றுக்கிழமை. காலையிலேயே இலத்தூரிலிருந்து பீரோவும் கட்டிலும் சீர்ப் பாத்திரங்களும் மினி லாரியில் திரும்பி வந்து இறங்கிவிட்டன. இசக்கிராஜும் கொச்சியிலிருந்து இலத்தூர் வந்துவிட்டான். சாயந்திரம் வக்கீல் வீட்டில் இரண்டு பேரும் கையெழுத்துப் போட வேண்டியதுதான் பாக்கி.

கடைக்குள் குவிந்து கிடந்த சீர்ப் பாத்திரங்களைப் பார்க்கப் பிடிக்காமல் முத்துசெல்வி முதுகைக் காட்டி நின்றிருந்தாள். அப்போதுதான் அவள் அப்பா அய்யாக்குட்டி போனைக் காதிலிருந்து எடுத்து, ஏதோ கெட்டுப்போன பண்டத்தைப் பார்ப்பதுபோல் பார்த்தார்.

“ஏட்டி செல்வி, குத்தாலத்துல இருந்து காஜா பேசுதான். பெட்டி காலியா இருக்காம்.”

“எந்தப் பெட்டிப்பா?”

“மாடியில துணி போட்டு மூடி வச்சிருந்தியே, அந்தக் கேம் பெட்டி. நேத்து அவன்கிட்டத் தள்ளிவிட்டுட்டேன். கேம் ஆடுத கடை புதுசாப் போடுதான்லா. சாரல் சீசனு, கூட்டம் அள்ளும்.”

“எங்கிட்ட ஒரு வார்த்த கேக்கலியே.”

“கேட்டா அழுவே. அதான் கேக்கல. எல்லாத்தையும் தீத்துக்கிடணும்னு பேசியாச்சு, அது மட்டும் எதுக்குக் கிடக்கணும்?”

பேச்சு நின்றுபோன அன்று, கோபத்தில் அந்தப் பெட்டியில் இருந்ததை எல்லாம் அழித்துத் துடைத்தவள் அவள்தான்.

“உள்ள நூறு கேம் இருக்குன்னு சொல்லித்தான் விலை பேசினேன்” என்றார் அய்யாக்குட்டி. “மாப்ள பெருமையாச் சொன்னாருல்லா... அந்தப் பையன் சொன்னாம்லா. இப்பப் பெட்டியத் திறந்தா ஒண்ணும் இல்லங்கான்.”

“கேம் பெட்டிக்குள்ள இருக்காதுப்பா. அக்கவுண்ட்ல இருக்கும். பெட்டி எதுவா இருந்தாலும் அக்கவுண்டத் திறந்தா கேமும் வந்துரும், அதுல ஆடி வச்சதும் வந்துரும்.”

“அது யாருகிட்ட இருக்கு?”

“அவங்க பேர்ல இருக்கு.”

அய்யாக்குட்டி ஸ்டூலில் உட்கார்ந்தார். அவருடைய வியாபாரத்தில் முன்பணம் வாங்கிவிட்டால் முடிந்தது. அந்தப் பணத்தை முருகன் படத்துக்குக் கீழே வைத்துவிடுவார். சரக்கு போய்ச் சேர்ந்து, வாங்கினவன் திருப்தி என்று சொன்ன பிறகுதான் அதை எடுத்துக் கல்லாவில் போடுவார். காஜா கொடுத்தது இன்னும் படத்துக்குக் கீழேதான் இருந்தது.

“அய்யாக்குட்டி கடையில ஓட்டைப் பானை வாங்கினேன்னு ஒருத்தன் சொன்னது கிடையாது. இன்னைக்குத் திறப்பு வச்சிருக்கான். வாசல்ல நூறு கேம்னு போர்டு வேற கட்டியிருக்கான். நான் காலிப் பானையைக் குடுத்திருக்கேன்.”

கொஞ்ச நேரம் யோசித்தார். பிறகு அவளைப் பார்க்காமலே போனில் ஒரு எண்ணைத் தேடி அழுத்தினார்.

“நான் அய்யாக்குட்டி பேசுதேன். பாத்திரக்கடை.”

“சொல்லுங்க மாமா” என்றது இசக்கிராஜின் குரல்.

இத்தனை நடந்த பிறகும் அந்த ‘மாமா’ அவ்வளவு சாதாரணமாக வந்தது. “குத்தாலத்துல காஜா கடைக்கு ஒரு எட்டு வரணுமே” என்றார் அய்யாக்குட்டி.

*

ஸ்கூட்டரை அவள் ஓட்டினாள். பின்னால் அய்யாக்குட்டி ஒரு கையில் குடையும் மறு கையில் சீட்டுக் கம்பியுமாக உட்கார்ந்திருந்தார். மேலகரம் தாண்டியதும் சாரல் முகத்தில் அடிக்கத் தொடங்கியது.

“அந்த அக்கவுண்டத் திறக்க அவன் எதுக்கு? நீயே திறக்கலாம்லா?”

“பாஸ்வேர்டு அவங்களுக்குத்தான் தெரியும். புதுசாத் திறந்தா ஒரு நம்பர் வரும். அது என் போனுக்கு வரும்.”

“அப்ப ரெண்டு பேரும் வந்தாத்தான் பூட்டுத் திறக்கும்?”

“ஆமா.”

“எவன்டி இப்படி ஏற்பாடு பண்ணது?”

“நாங்கதான்” என்றாள். மேற்கொண்டு அவர் கேட்கவில்லை.

காஜாவின் கடை ஐந்தருவி போகும் சாலையில், பழக்கடை ஒன்றின் மாடியில் இருந்தது. படியேறும்போதே புதுப் பெயிண்ட் வாசனையும் கீழே வறுபடும் நேந்திரங்காய்ச் சிப்ஸ் வாசனையும் சேர்ந்து வந்தன. உள்ளே பெரிய டிவிகள், புது நாற்காலிகள், கதவில் மாலை. கேம் பெட்டிகள் எல்லாம் அவன் ஏற்கெனவே வாங்கி வைத்தவை. நடுவில் இருந்த டிவிக்குக் கீழே மட்டும் அவளுடைய பெட்டி. அதன் ஓரத்தில் அவள் ஒட்டிய நட்சத்திர ஸ்டிக்கர் இன்னும் இருந்தது.

இசக்கிராஜ் அவர்களுக்கு முன்பே வந்திருந்தான். தலைமுடி நனைந்திருந்தது. இளைத்திருந்தான். அவளைப் பார்த்து எழுந்தான். நிற்பதா உட்காருவதா என்று தெரியாமல் நாற்காலியைப் பிடித்துக்கொண்டான்.

“அண்ணாச்சி, நம்பி வாங்கினேன்” என்றான் காஜா. வருத்தமாகத்தான் சொன்னான். கோபம் இல்லை.

“இப்ப வந்துரும்லே. அதுக்குத்தானே ரெண்டு பேரையும் கூட்டிட்டு வந்திருக்கேன்.”

இசக்கிராஜ் மெயில் முகவரியைத் தட்டினான். பாஸ்வேர்டைத் தட்டினான். முத்துசெல்வியின் கையில் போன் அதிர்ந்தது. அவன் திரும்பிப் பார்த்தான்.

“நாலு. ஏழு. ஏழு. ஒண்ணு. சைபர். மூணு” என்றாள்.

எத்தனையோ மாதங்களுக்குப் பிறகு அவள் அவனிடம் பேசிய முதல் பேச்சு அது.

திரையில் விளையாட்டுகள் வரிசை வரிசையாக வந்து நின்றன. காஜா எண்ணத் தொடங்கி, பாதியில் விட்டுவிட்டு, “சரியா இருக்கு அண்ணாச்சி” என்றான். அய்யாக்குட்டி பெருமூச்சு விட்டார்.

“ஒண்ணு ஓடுதான்னு பாத்துக்கிடுதேன் அண்ணே.”

“சின்னதா ஒண்ணு இருக்கு. சீக்கிரம் இறங்கிரும்” என்றான் இசக்கிராஜ். எதை என்று அவள் கேட்கத் தேவையிருக்கவில்லை.

அருவிச் சத்தம் முதலில் கேட்டது. பிறகு அந்த நிலம் வந்தது.

அந்த விளையாட்டில் கவனிக்காமல் விட்டால் களை மண்டிவிடும். மாடு வேலியைத் தாண்டிப் போய்விடும். எல்லாம் காடாகிக் கிடக்கும் என்றுதான் அவள் எதிர்பார்த்தாள். ஆனால் அவரைக் கொடி பந்தல் முழுக்கப் படர்ந்திருந்தது. தொழுவத்தில் மாடு அசைபோட்டுக்கொண்டிருந்தது. வீட்டுக்கு வலப்பக்கம், அவள் நாலு சுவரை மட்டும் எழுப்பிவிட்டு நிறுத்தியிருந்த கட்டடத்துக்கு இப்போது ஓடு வேய்ந்திருந்தது. வாசலில் ஒரு பலகை.

“அண்ணாச்சி” என்றான் காஜா, “உங்க கடை இது.”

அய்யாக்குட்டி சட்டைப் பையிலிருந்து கண்ணாடியை எடுத்து மாட்டிக்கொண்டு டிவிக்குப் பக்கத்தில் போனார். ‘அய்யாக்குட்டி பாத்திரக்கடை, தென்காசி’ என்று இங்கிலீஷ் எழுத்தில் இருந்தது.

“இது யாரு கட்டினது?”

“சுவரு செல்வி கட்டினது மாமா. ஓடு நான் போட்டேன்.”

“எப்ப?”

“போன மாசம்” என்றான் அவன்.

அய்யாக்குட்டி கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். முத்துசெல்வி ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டாள். போன மாதம்தான் வக்கீல் நோட்டீஸ் போயிருந்தது.

காஜாவுக்கு நேரமாகிக்கொண்டிருந்தது. “அண்ணே, அந்தப் போன் நம்பர மட்டும் என் நம்பரா மாத்தி, பாஸ்வேர்டையும் சொல்லிருங்க. மீதிய நான் பாத்துக்கிடுதேன்.”

“மாத்தலாம் காஜா. ஆனா இது விக்கக் கூடாதது.”

“விக்கக் கூடாதுன்னா?” என்றார் அய்யாக்குட்டி. “காசு குடுத்து வாங்கலையா?”

“வாங்கினோம் மாமா. ஆடுத உரிமைய மட்டும்தான் வாங்கினோம். இன்னொருத்தருக்குக் கைமாத்தக் கூடாதுன்னு சொல்லித்தான் விக்கான்.”

“இது என்ன அநியாயமா இருக்கு? பேரு வெட்டின குத்துவிளக்கையே கொண்டாந்து எடைக்குப் போடுதாங்க. யாரு பேரு வெட்டியிருக்குன்னா நான் பாக்கேன்? காசு குடுத்தவனுக்குப் பொருளு, பொருளு வச்சிருக்கவனுக்கு விக்க உரிமை. இதுக்கு மேல ஏவாரத்துல என்ன இருக்கு?”

“நீங்க கேக்கது நியாயம்தான். பிரான்சுல இதையே கேட்டுக் கோர்ட்டுக்குப் போயிருக்காங்க. முதல்ல விக்கலாம்னு தீர்ப்பு வந்துச்சு. மேல் கோர்ட்டுல முடியாதுன்னுட்டாங்க.”

“அங்கனயும் நம்மள மாதிரி ஆளு இருக்காம்போல” என்றார் அய்யாக்குட்டி, கொஞ்சம் ஆறுதலோடு. “சரி, தெரியாம மாத்திக் குடுத்தா என்ன ஆகும்?”

“கம்பெனிக்குத் தெரிஞ்சா பூட்டிருவான். அப்புறம் காஜாவுக்கும் கிடைக்காது, எங்களுக்கும் கிடைக்காது.”

எங்களுக்கும். அந்தச் சொல்லை முத்துசெல்வி மட்டும் அல்ல, அய்யாக்குட்டியும் கவனித்தார்.

“தெரிஞ்சாத்தானே அண்ணே” என்றான் காஜா. “ஊர்ல பாதிக் கடை இப்படித்தான் ஓடுது. பூட்டினா என் தலையெழுத்துன்னு விட்டுருதேன். திறப்புக்கு எங்க மாமாவெல்லாம் இப்ப வந்துருவாங்க.”

இசக்கிராஜ் அய்யாக்குட்டியைப் பார்த்தான். பஜாரில் எல்லாரும் மதிக்கிற மனிதர், கையில் நனைந்த குடையோடு, சொன்ன சொல் போய்விடுமோ என்று நின்றிருந்தார். அவன் திரும்பி, எண்ணை மாற்றும் பகுதியைத் திறந்து, காஜாவின் போன் எண்ணைத் தட்டினான். மறுபடி முத்துசெல்வியின் போன் அதிர்ந்தது.

“மாமா வாக்குக் குடுத்துட்டாரு. நம்பரு உனக்குத்தான் வந்திருக்கும் செல்வி” என்றான். “சொல்லுததும் சொல்லாததும் உன் இஷ்டம்.”

அவள் போனைப் பார்க்கவே இல்லை. அவனைப் பார்த்தாள்.

“அன்னைக்கும் இதத்தான் சொன்னிய.”

“என்னைக்கு?”

“கொச்சியில வீடு பாத்துட்டேன்னு சொன்ன அன்னைக்கு. உன் இஷ்டம்னு சொன்னிய. வீடு எப்படி இருக்கு, அடுப்படி எந்தப் பக்கம்னு ஒண்ணும் சொல்லல. உன் இஷ்டம்னு மட்டும் சொன்னிய.”

“உன்னக் கட்டாயப்படுத்தக் கூடாதுன்னுதான்...”

“கட்டாயப்படுத்தச் சொல்லல. வேணும்னு சொல்லியிருக்கலாம்லா. பழக்கடையில நிக்கவன்கூட ரெண்டு தடவ கூப்பிடுதான், வாங்க வாங்கன்னு.”

காஜா மின்விசிறி சரியாகச் சுற்றுகிறதா என்று மேலே பார்க்கத் தொடங்கினான்.

“மாமா தனியா இருப்பாரு செல்வி. கடையையும் அவரையும் விட்டுட்டு வான்னு நான் எந்த முகத்தோட கேக்க?”

“நான் எப்ப மாப்ள தனியா இருந்தேன்?” என்றார் அய்யாக்குட்டி. குரல் அவரை அறியாமலே உயர்ந்துவிட்டது. “பஜார்ல வேல இல்லாதவன் பூரா என் கடையிலதான் கிடக்கான். எல்லாவனுக்கும் நான்தான் காப்பி வாங்கிக் குடுக்கேன். இவளும் போயிட்டா கொஞ்சம் நிம்மதியா இருப்பேன்.”

“அப்பா.”

“நீ சும்மா இரு. ரெண்டு பேரும் எனக்காகப் பாத்து எனக்காகப் பாத்து, இன்னைக்குக் காலையில நான் வாங்கிக் குடுத்த கட்டில நானே இறக்கி வச்சிருக்கேன்.”

கீழே ஒரு சுற்றுலா வேன் ஹாரன் அடித்துக்கொண்டு போனது. முத்துசெல்வியின் போன் திரையில் அந்த எண் கொஞ்ச நேரம் இருந்துவிட்டு அணைந்தது. டிவியில், நேரம் கடந்துவிட்டது, எண் இனிச் செல்லாது என்று வந்தது.

அய்யாக்குட்டி சட்டையின் உள்பையிலிருந்து மடித்த ஒரு பொட்டலத்தை எடுத்தார். முருகன் படத்துக்குக் கீழே இருந்ததை அப்படியே எடுத்து வந்திருந்தார்.

“காஜா, இந்தா. ஏவாரம் முறிஞ்சு போச்சு.”

“அண்ணாச்சி, நீங்களா சொல்லு மாறுதிய?”

“மாறலலே. என்னுது இல்லாதத வித்துட்டேன். ஒரு வீட்டுக்குள்ள ரெண்டு பேரு குடியிருக்கும்போது வெளிய நின்னு விலை பேசிட்டேன். தப்பு என் பேர்ல.”

காஜா பொட்டலத்தை வாங்கவில்லை. “எனக்குப் பணமா முக்கியம்? இன்னைக்கு நடு டிவி காலியாக் கிடக்குமே.”

“இலத்தூர் வீட்டுல டிஸ்க்கு ஒரு பை நிறைய இருக்கு” என்றான் இசக்கிராஜ். “காலேஜ் படிக்கையில வாங்கினது. அத விக்கலாம். யாரும் கேள்வி கேக்க முடியாது. இந்தப் பெட்டியில போட்டா ஓடும். இப்பவே பைக்குல போய் எடுத்துட்டு வந்துருதேன்.”

“நூறு இருக்குமா அண்ணே?”

“நூறு எங்க. பத்து இருந்தா அதிகம்.”

“அப்ப போர்டு?”

“மேல ஒரு பேப்பர ஒட்டுலே” என்றார் அய்யாக்குட்டி. “அருவியில குளிச்சுட்டு வாரவன் எண்ணிப் பாத்துட்டா உள்ள வாரான்?”

காஜா சிரித்துவிட்டான். ஆனாலும் பெட்டியின் மேல் கை வைத்துக்கொண்டு, “இதையாவது குடுப்பியளா? இது உங்களுது, விக்கலாம்லா?” என்றான்.

பெட்டி முத்துசெல்வியுடையது. அய்யாக்குட்டி இந்த முறை மகளைத் திரும்பிப் பார்த்தார்.

“செல்வி, நீ சொல்லு. குடுக்கவா?”

மேஜைமேல் அவருடைய போன் அடிக்கத் தொடங்கியது. வக்கீலின் பெயர் வந்தது. முப்பிடாதியம்மாளும் பெரியவர்களும் இந்நேரம் அங்கே வந்து உட்கார்ந்திருப்பார்கள். அடித்து நின்று, மறுபடி அடித்தது. யாரும் எடுக்கவில்லை.

இசக்கிராஜ் பெட்டியிலிருந்து அக்கவுண்டை வெளியே எடுப்பதற்காகக் குனிந்திருந்தான். திரையில் அருவி இன்னும் விழுந்துகொண்டிருந்தது.

“குடுத்துருங்கப்பா” என்றாள் முத்துசெல்வி. “ஒரு வீட்டுல ரெண்டு பெட்டி எதுக்கு?”

அவன் கை அப்படியே நின்றது. மெல்லத் திரும்பினான்.

“எந்த வீட்டுல?” என்று கேட்டான்.

நாற்காலிகளைச் சுற்றிக்கொண்டு அவள் அவன் அருகே வந்தாள். அப்பா கேட்கிறார், காஜா கேட்கிறான், படியில் யாரோ ஏறி வரும் சத்தமும் கேட்கிறது. இனி எதற்காகவும் இதைத் தள்ளிப்போட அவளால் முடியவில்லை.

“என்னையும் கொச்சிக்குக் கூட்டிட்டுப் போங்க அத்தான்.”